நான் ஓட்டிவிட்ட நரி

முதலில் ஈறில் இரத்தம் வந்தது. பிறகு என் மகள் ஸஹ்ராவின் கால்கள் அடிபடாமலே நீலமாகக் கன்றின. கண்டி ஆஸ்பத்திரியில் லுக்கீமியா (இரத்தப் புற்றுநோய்) என்றார்கள். அவளுக்கு அப்போது பத்து வயது.

அவளிடம் அந்தப் பெயரைச் சொல்வதில்லை என்று வீட்டில் முடிவெடுத்தோம். "இரத்தம் குறைவு" என்றோம். அவள் முன்னால் டொக்டரிடம் சிங்களத்தில்தான் பேசுவேன். மாத்தளை டவுனில் கடை வைத்திருக்கும் எனக்கு அது சரளம். தமிழ்ப் பாடசாலைக்குப் போகும் பிள்ளைக்கு விளங்காது என்று நம்பினேன். உங்களில் சிலரும் இப்படிச் செய்துகொண்டிருக்கலாம். அதனால்தான் எழுதுகிறேன்.

கீமோதெரபி (நரம்பு வழியாக மருந்து செலுத்துதல்) நடக்கும்போது அவள் என் போனில் ஒரே கார்ட்டூன் படத்தையே பார்ப்பாள். கடலைத் தேடிப் போகும் ஓர் ஆமை. அதன் பின்னால் விளக்கோடு வரும் கறுத்த நரி. எனக்கு நரி மரணமாகவே தெரிந்தது. அது வரும் இடங்களை விரலால் ஓட்டிவிடுவேன்.

சில மாதங்களில் நோய் திரும்பியது. இனி மருந்து பிடிக்காது என்று கட்டிலருகே நின்று டொக்டர் சிங்களத்தில் சொன்னார். நான் தலையாட்டினேன்.

"சொகமாகுமாம், மகள்" என்றேன்.

அவள் போனை நீட்டினாள். "வாப்பா, நரி வர்ற எடத்தப் போடுங்க."

"அது பயம்."

"ஒங்களுக்குத்தான் பயம். அது ஆமையப் புடிக்க வரல்ல. இருட்டுல தனியா போகுதேன்னு வெளிச்சம் காட்டுது. கடல் வரைக்கும்தான் வரும். நரிக்கு நீந்தத் தெரியாதே." சிரித்தாள். "ஒங்களப் போலவே தாடியும் இருக்கு."

"இதெல்லாம் யாரு சொன்னது?"

"படத்துலயே சொல்றாங்க. நீங்க வெளிய போற நேரம் நான் முழுசாப் பாத்துட்டேன்."

படம் பேசுவது சிங்களம் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

"டொக்டர் சொன்னதும் வெளங்கிச்சு" என்றாள். "உம்மாக்கிட்ட நீங்க சொல்றீங்களா, நான் சொல்லவா?"

அவள் தாயிடம் நானே சொன்னேன்.

அடுத்த நாள் ஸஹ்ரா டொக்டரிடம் சிங்களத்தில் கேட்டாள், வலிக்குமா என்று. அவர் கதிரையை இழுத்துப்போட்டு உட்கார்ந்து, வலிக்கு மருந்து இருப்பதை அவளுக்கே விளக்கினார். பிறகு அவளை வீட்டுக்குக் கொண்டு வந்தோம். நோன்புக்கு முந்திய வாரம் அவள் போய்விட்டாள்.

ஜும்ஆ தொழுதுவிட்டு வந்த ஒரு பகலில் படத்தை முழுதாகப் போட்டேன். நரி வந்ததும் கட்டைவிரல் தானாக எழுந்தது. மற்றக் கையால் அதைப் பிடித்துக்கொண்டேன். கரையில் நரி விளக்கைக் கீழே வைத்துவிட்டு உட்கார்கிறது. ஆமை தண்ணீருக்குள் மறைந்த பிறகும் படம் முடியவில்லை. நரி அங்கேயே இருக்கிறது. அந்த இடம் இவ்வளவு நீளம் என்று எனக்குத் தெரியாது.