லாஞ்சு சமையல்காரனுக்கு வெயில் பற்றவில்லை

கடலுக்குப் போகிறவனுக்கு வெயில் பற்றவில்லை என்றால் காசிமேட்டில் யார் நம்புவார்கள்? நானே நம்பவில்லை. ரத்தப் பரிசோதனையில் வைட்டமின் டி குறைவு என்று பார்த்த டாக்டரம்மாவுக்கும் ஆச்சரியம்தான். மீன்பிடி லாஞ்சில் என்ன வேலை என்று கேட்டார். சமையல் என்றேன். அடுப்பு எங்கே, தூக்கம் எங்கே என்றார். இரண்டுமே கேபினுக்குள்தான். சுற்றிலும் கடல், தலைக்கு மேல் சூரியன், நான் மட்டும் உள்ளே உட்கார்ந்து புளி கரைத்திருக்கிறேன்.

டிபி என்று தெரிந்து மாத்திரை சாப்பிட ஆரம்பித்திருந்த சமயம் அது. கிருமியை விழுங்கி அழிக்க உடம்பில் அணுக்கள் இருக்கின்றனவாம். அவை சுறுசுறுப்பாகச் சண்டை போட வைட்டமின் டி உதவுமாம். "ஆனா இது ஒத்தாசைதான், மாத்திரைதான் மருந்து. அதை ஒருநாளும் விடக்கூடாது" என்று டாக்டரம்மா விரலை ஆட்டிச் சொன்னார். பாலில் கலந்து குடிக்க ஒரு பொடியும் கொடுத்தார். கூடவே வெயில். விடிகாலை இளவெயில் உதவாது, உச்சிவெயில் பக்கமாகக் கொஞ்ச நேரம் உட்கார வேண்டும். சித்திரை மாதத்துச் சென்னையில் இதைவிட மலிவான வைத்தியம் உண்டா?

ஆனால் வீட்டில் ஒரு சிக்கல் செய்து வைத்திருந்தார்கள். டிபி என்று தெரிந்தால் லாஞ்சில் மறுபடி ஏற்றமாட்டார்கள், சமையல்காரன் கையால் யார் சாப்பிடுவார்கள் என்று பயந்து, எனக்கு மஞ்சள் காமாலை என்று என் மனைவி ஊரெல்லாம் சொல்லிவிட்டாள். எனக்கும் அதே பயம்தான். நானும் தலையாட்டினேன்.

மீன்பிடித் தடைக்காலம். எங்கள் லாஞ்சு ஆட்கள் கரையில் வலை பின்னிக்கொண்டிருந்தார்கள். நான் சட்டையைக் கழற்றிவிட்டுப் பக்கத்தில் வெயிலில் உட்கார்ந்தேன்.

"இன்னா மாமு, காமாலய வெச்சிகினு வெயில்ல குந்திகினு கீற?" என்றான் ஒருவன். அடுத்த நிமிடம் நாலு கழி நட்டு, என் தலைக்கு மேல் தார்ப்பாய் கட்டிவிட்டார்கள். நான் நகர்ந்தேன். தார்ப்பாயும் நகர்ந்தது. வலைக்கூடத்துக்குப் பின்னால் போய் ஒளிந்து உட்கார்ந்தேன். மோரும் கீழாநெல்லியும் என்னைத் தேடி வந்தன. மீன் கூடாது, எண்ணெய் கூடாது, அடுப்புப் பக்கமே போகக்கூடாது என்று கட்டளை வேறு; எனக்குப் பதிலாக ஒரு பையன் சமைத்தான். இத்தனை பாசமான ஆட்களிடம் மாட்டிக்கொண்டு வெயில் காய்வது லேசுப்பட்ட காரியமில்லை.

இப்படியே ஓட்டியிருப்பேன். சளியை மறுபடி பார்த்த டாக்டரம்மா, இனி என்னால் யாருக்கும் ஒட்டாது என்று முதலில் நல்ல சேதி சொன்னார். பிறகு, அந்தக் கேபினில் என்னோடு படுத்தவர்கள் எல்லோரும் பரிசோதனைக்கு வரவேண்டும் என்றார். வேலை போனால் போகட்டும், இவர்களுக்கு ஏதாவது ஆனால்?

மறுநாள் மதியம் தார்ப்பாய்க்கடியில் நின்று சொன்னேன். "காமால இல்ல அண்ணாத்த. டிபி. இப்ப யாருக்கும் ஒட்டாதுன்னு சொல்ட்டாங்கோ. ஆனா கேபின்ல கூட படுத்துகினு இருந்தீங்களே, அதனால நீங்க அல்லாரும் டெஸ்ட் எடுக்கணும்."

வலை பின்னுகிற கைகள் நின்றுவிட்டன. ஒருவரும் நிமிர்ந்து பார்க்கவில்லை. முடிந்தது என்று நினைத்தேன்.

எங்கள் லாஞ்சு டிரைவர் வயதில் மூத்தவர், அதிகம் பேசமாட்டார். வலை ஊசியைக் கீழே வைத்தார்.

"வெயிலுக்குன்னுதான் ஓடிகினு இருந்தியா?"

"ஆமாண்ணா. டாக்டரம்மா சொன்னாங்க."

அவர் எழுந்து தார்ப்பாயின் ஒரு முனையை அவிழ்த்தார். சுள்ளென்று வெயில் எங்கள் எல்லோர் மேலும் விழுந்தது.

"நாளிக்கி காலீல அல்லாரும் போறோம், டெஸ்டுக்கு" என்றார் மற்றவர்களிடம். பிறகு என்னைப் பார்த்தார். "நீ போயி கொயம்பு வையி. இந்தப் பையன் வெக்கிறத துன்னா காமாலதான் வரும்."

அந்தக் கரையிலேயே மூன்று கல் கூட்டி, பட்டப்பகலில் சங்கரா மீன் குழம்பு வைத்தேன். உப்பு கூடியதா குறைந்ததா என்று எனக்கே தெரியவில்லை. மற்றவர்கள் யோசித்துக்கொண்டு நின்றபோது டிரைவர்தான் முதலில் தட்டை நீட்டினார். சாப்பிட்டு முடித்து, மறுபடியும் நீட்டினார்.