செத்த பிறகு ஒரு சிரிப்பு

துபாய் அல் குசைஸில் எங்கள் பக்கத்து ஃபிளாட்டில் ஒரு சினிமா நடிகை இருந்தார் என்றால் நக்கலடிக்காதீர்கள். வெள்ளைக்காரர்கள் எடுத்த ஐந்து பேய்ப் படங்களில் நடித்தவர் ராதா. ஐந்திலும் பிணம்தான். அதனாலென்ன, நடிப்பு நடிப்புதானே?

2004இல் ஒரு இத்தாலியப் படக் கம்பெனிக்கு நான் வேன் ஓட்டினேன். ராஸ் அல் கைமா பக்கம், ஆளில்லாத பழைய ஊரொன்றில் ஷூட்டிங். கதையில் சாகிற மணப்பெண்ணுக்கு மருதாணி போட ஆள் கேட்டார்கள். பியூட்டி பார்லரில் வேலை பார்த்த ராதாவைக் கூட்டிப்போனேன். மணப்பெண்ணாக வந்த அம்மணி வெயில் தாங்காமல் வாந்தியெடுத்துச் சுருண்டுவிட, டைரக்டர் புரூனோ ராதாவைக் கைகாட்டினார். சவப்பெட்டிக்குள் மூச்சை அடக்கிக்கொண்டு கிடந்தார் பாருங்கள், நிஜப் பிணம் தோற்றது.

"கட்" சொன்னதும் எல்லோரும் மூட்டை கட்ட ஆரம்பித்தார்கள். ராதா மட்டும் பெட்டியை விட்டு எழவில்லை.

"காதர் பாய், கேமராவை இன்னொரு தடவை ஓட்டச் சொல்லுங்க. நான் சிரிக்கணும். நம்ம ஊரு சினிமாவுல செத்த மாதிரி நடிச்சவங்க, சிரிக்கிற மாதிரியும் எடுத்துட்டுத்தான் எந்திரிப்பாங்க. இல்லேன்னா குடும்பத்துக்கு ஆகாது. அவரு இந்நேரம் சாரத்து மேல நிக்கிறாரு பாய்!"

அவர் என்றால் வேலுச்சாமி, ராதாவின் கணவர். துபாயில் உயரமான கட்டடங்களில் ஃபோர்மேன்.

புரூனோவிடம் சொன்னேன். ஃபிலிம் என்ன சும்மாவா வருகிறது என்று குதித்தார் மனுஷன். ராதாவுக்குக் கண் கலங்கிவிட்டது. வீம்பு இல்லை, அசல் பயம். எனக்குச் சுள்ளென்று கோபம் வந்தது. "அந்தப் பொண்ணு எந்திரிச்சாத்தான் வண்டி கிளம்பும் சார்" என்று சாவியைச் சட்டைப்பைக்குள் போட்டேன். முணுமுணுத்துக்கொண்டே கேமராவை ஓட்டினார். ராதா கண்ணைத் திறந்து, வாய் கொள்ளாமல் சிரித்தார்.

மறுவருஷம் டிவிடி வந்தது. ராதா வீட்டில் வேலுச்சாமி, நான், என் மனைவி நஜீஹா எல்லோரும் உட்கார்ந்து பார்த்தோம். பெட்டியில் பிணம் கிடக்கிறது. திடீரென்று கண்ணைத் திறந்து சிரிக்கிறது! படுபாவிகள், அதையும் படத்தில் சேர்த்துவிட்டார்கள். நஜீஹா வீறிட்டாள். மாடி மாடியாக ஏறியிறங்கும் வேலுச்சாமி கிச்சனுக்குள் ஓடிவிட்டார்.

"நல்லாத்தானே சிரிச்சிருக்கேன்!" என்று ராதாவுக்கு ஒரே பூரிப்பு.

அந்தச் சிரிப்பால்தான் படமே பேசப்பட்டதாம். அடுத்த படத்துக்கும் புரூனோ வந்தார். சிரிக்கிற பிணம்தான் வேண்டும் என்றார். ராதா பெட்டிக்குள் படுத்தார், செத்தார், கண்ணைத் திறந்து சிரித்தார். "கட்! கலாஸ்! முடிஞ்சது!" என்று புரூனோ கைதட்டினார்.

ராதா எழவில்லை.

"அதான் சிரிச்சாச்சேம்மா, இன்னும் என்ன?" என்றேன்.

"இப்பச் சிரிச்சது பொணம், பாய். நான் இன்னும் சிரிக்கல."