புகையுண்ணியின் ஏழாம் வாய்

எனக்கு ஒரு கெட்ட குணம் உண்டு. நானே போட்ட சட்டமானாலும் அதை நூலளவும் மீறமாட்டேன். அதைப் பெருமையாகச் சொல்லித் திரிந்த காலமும் இருந்தது.

வெள்ளவத்தையில் எங்கள் வீட்டுக்குப் பின்னால் தண்டவாளம், அதற்கப்பால் கடல். ஒரு மழைக்கால விடுமுறையில் நானும் தங்கச்சியும் எங்களுக்கென்று ஒரு நாட்காட்டி உண்டாக்கினோம். அதில் திங்கள், செவ்வாய் கிடையாது. மிருகங்கள் சாப்பிடுகிற நாள்கள்தான். கொட்டாஞ்சேனை மாதா கோயில் மணியோசையை விழுங்கும் மணிவிழுங்கி, ஜன்னல் கம்பியில் படிந்த உப்பை நக்கும் கடற்பூனை, ரயில் புகையைத் தின்னும் புகையுண்ணி.

புகையுண்ணிதான் அவளுடைய செல்லம். ஆறு கால், பெருத்த தொந்தி. சித்திரை வருடப்பிறப்பிலிருந்து எண்ணி ஒன்பது நாளைக்கு ஒருமுறை சாப்பிடும். ஒவ்வொரு சாப்பாடும் ஒரு 'வாய்'. 'மூன்றாம் வாய்க்கு மறுநாள் கணக்குச் சோதனை' என்றால் உலகத்தில் எங்கள் இருவருக்கும்தான் விளங்கும். நான் ஒரு சட்டம் சேர்த்தேன். சாப்பாட்டு நாளில் ரயில் ஓடாவிட்டால் அது பட்டினி. மறுபடி ரயில் ஓடும் நாளில்தான் அந்த வாய், அங்கிருந்துதான் அடுத்த ஒன்பதை எண்ணவேண்டும்.

"பாவம், அதுக்குப் பசிக்குமெல்லோ" என்று அவள் அழுதாள். நான் இளகவில்லை.

வருடங்கள் கழித்து, ஜப்பான்காரன் கொழும்பில் குண்டு போட்டதும் ஐயா அம்மாவையும் அவளையும் யாழ்ப்பாணம் கூட்டிப்போனார். எனக்குப் புறக்கோட்டையில் ஒரு கந்தோரில் வேலை. நான் தங்கிவிட்டேன்.

வைகாசி பாதி கழிந்து ஐயாவின் கடிதம் வந்தது. தங்கச்சிக்கு ஒரு சம்பந்தம் பொருந்திவிட்டதாம், எழுத்துக்கு நாளும் வைத்தாயிற்றாம். பதிவுகாரருக்கு முன்னால் கையெழுத்து வைப்பதைத்தான் எழுத்து என்போம். அது முடிந்தால் முடிந்ததுதான், பிறகு யாரும் பின்வாங்குவதில்லை. எந்த நாள் என்று மட்டும் ஐயா எழுதவில்லை. அவள் ஆசிரியையாகப் படிக்க ஆசைப்பட்டவள். நான் நேரில் வந்து மறுத்தால் தான் இறங்கிப்போக வேண்டிவரும் என்று அவருக்குத் தெரியும். அவளுக்கும் தெரியும். கடிதத்தின் அடியில் அவளுடைய கையெழுத்தில் ஒரு வரி இருந்தது. ஐயா அதைப் பிள்ளை விளையாட்டு என்று விட்டிருப்பார்.

"அண்ணா, புகையுண்ணியின்ரை ஏழாம் வாய்க்கு முன்னம் கட்டாயம் வாங்கோ."

கணக்குப் போட உட்கார்ந்தேன். அந்த வைகாசியில் கடல் ஏறித் தண்டவாளத்துக் கல்லை அரித்ததில், வெள்ளவத்தையில் மூன்று நாள் ரயில் ஓடவில்லை. ஐந்தாம் வாய் சரியாக அதன் முதல் நாளில் விழுந்திருந்தது. சட்டப்படி மூன்று நாள் தள்ளினேன். கந்தோரில் லீவு சொற்பம்தான் கிடைக்கும் என்பதால், ஏழாம் வாய்க்கு இரண்டு நாள் முன்னதாக வீட்டில் நிற்கும்படி திட்டம் வகுத்தேன். கணக்கின் நேர்த்தியில் எனக்கே ஒரு கர்வம்.

காலையில் போய் இறங்கினால் வாசலில் கட்டிய வாழைமரம் வாடி நிற்கிறது. எழுத்து முந்தினநாளே முடிந்திருந்தது. ஐயா எனக்கு முகம் கொடுக்கவில்லை. தங்கச்சி குசினியில் தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள்.

"நான் எண்ணினது பிழையோ அண்ணா?"

"இல்லை. கடல் ஏறி அங்கை ரயில் நிண்டது. மூண்டு நாள் தள்ளினனான்."

அவள் துருவுவதை நிறுத்தினாள்.

"அது எனக்கு இங்கை எப்பிடி அண்ணா தெரியும்?"

சட்டத்தை நினைத்த நான், அந்தத் தண்டவாளம் தெரியாத தூரத்தில் இருந்து அவள் எண்ணுகிறாள் என்பதை ஒரு கணம்கூட நினைக்கவில்லை. கடிதம் கண்ட அன்றே ரயில் ஏறியிருக்கலாம். வேலை போனால் போகட்டும் என்று விட்டிருக்கலாம். இன்றைக்கும் அதை நினைத்தால் என்மேல் எனக்கே வெறுப்பாக வருகிறது.

அவள் என்னோடு கோபிக்கவில்லை, கடிதமும் ஒழுங்காக எழுதினாள். எல்லாவற்றிலும் மேல் மூலையில் இங்கிலீஷ் மாதமும் தேதியும் திருத்தமாகப் போட்டிருந்தாள்.