மானாம்பதி வளைவில் நான் இடித்த சைக்கிள்

உத்திரமேரூரில் வீட்டிலிருந்தே மெடிக்கல் கோடிங் வேலை செய்கிறேன். வெளிநாட்டு நோயாளிகளின் குறிப்புகளைப் படித்து, நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீட்டைப் போட வேண்டும். என்னிடம் வருபவை பெரும்பாலும் விபத்தில் அடிபட்டவர்கள் மறுபடி டாக்டரைப் பார்க்க வந்தபோது எழுதப்பட்ட குறிப்புகள்.

ஒருநாள் காலை மானாம்பதி வளைவில் என் ஸ்கூட்டர் ஒரு பெண்ணின் சைக்கிளை இடித்தது. கண்ணாடியில் பார்த்தேன், அவர் எழுந்திருக்கவில்லை. வீடு திரும்பி வேலையைத் தொடங்க நேரமாகிவிட்டது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு நிற்காமல் வந்துவிட்டேன். உண்மையில் அது பயம்.

அதன்பின் தப்ப வழியில்லை. ‘சைக்கிளில் வந்தவர், வண்டி மோதிக் கால் முறிவு, மறுபரிசோதனை’ என்று தினமும் யார் யாரோ திரையில் வந்தார்கள். அவர்கள் தேறி வருவதை நான்தான் பதிவு செய்தேன். அந்தப் பெண் தேறினாரா என்பது மட்டும் தெரியாது.

ஐந்தாம் வாரம் மானாம்பதியில் விசாரித்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். கூலி வேலைக்குப் போகும் சரோஜா அக்கா, காலில் மாவுக்கட்டோடு வாசலில் உட்கார்ந்திருந்தார்.

“அக்கா, உங்கள இடிச்சது நான்தான்.”

என்னையே பார்த்தார். “நின்னு தூக்கியிருந்தா ஒண்ணும் சொல்லியிருக்க மாட்டேனேமா. எம்மா நேரம் வெயில்ல கெடந்தேன் தெரியுமா?”

நான் அவர் காலருகே தரையில் உட்கார்ந்தேன்.

“நாளைக்கு கட்டு பிரிக்கணும். வூட்ல யாரும் இல்ல. இட்டுக்கினு போறியா?”

மறுநாள் மருத்துவமனையில், “எப்படி அடிபட்டுது?” என்று நர்ஸ் கேட்டார்.

“நான் இடிச்சிட்டு ஓடிட்டேன், சிஸ்டர்” என்றேன்.

அக்கா என்னை மன்னித்தாரா என்று கேட்க இன்னும் துணிவு வரவில்லை. ஆனால் அன்று திரும்பும்போது என் தோளைப் பிடித்துக்கொண்டுதான் நடந்தார்.