பார்க்கிங் லாட்டில் நின்ற வூ

வூ போய்விட்டாள்.

காலையில் அவள் பெண் யூன் மெசேஜ் அனுப்பியிருந்தாள். தூக்கத்திலேயே... வலி எதுவும் இல்லையாம்.

உங்களில் யாருக்கும் வூவைத் தெரியாது. தொண்ணூறுகளில் நானும் அவளும் சான்டா கிளாராவில் ஒரு எலக்ட்ரானிக்ஸ் கம்பெனியில் சர்க்யூட் போர்டில் சால்டரிங் செய்தோம். பக்கத்துப் பக்கத்து நாற்காலி.

எங்கள் இருவர் இங்கிலீஷையும் சேர்த்தாலும் ஒரு முழு இங்கிலீஷ் தேறாது. ஆனால் எட்டு மணி நேரமும் பேசினோம்.

நாள் முழுக்க பூதக்கண்ணாடி விளக்கின் கீழே வேலை. சாயங்காலம் கண் எரியும்.

பிரேக்கில் எல்லோரும் காபிக்குப் போவார்கள். வூ மட்டும் கண்ணை மூடி, மூக்குத்தண்டின் இரண்டு பக்கமும் விரலால் அழுத்தி, சீன மொழியில் எண்ணிக்கொண்டிருப்பாள். புதிதாக வந்த சூப்பர்வைசர் அவள் அழுகிறாள் என்று நினைத்து டிஷ்யூ கொண்டுவந்து கொடுத்தார்.

அது அவர்கள் ஊர்ப் பள்ளிக்கூடங்களில் எல்லாப் பிள்ளைகளும் செய்யும் கண் பயிற்சி. "ஸ்கூல் டீச் மீ, திஸ் ஒன்லி ஃபினிஷ்" என்றாள். பள்ளிக்கூடத்தில் அவள் முழுசாகக் கற்று முடித்தது அது ஒன்றுதானாம்.

அவள் அப்பா பள்ளி ஆசிரியர். கலாச்சாரப் புரட்சி வந்ததும் அவர் சொல்லிக்கொடுத்த பிள்ளைகளே அவர் தலையில் காகிதத் தொப்பி மாட்டி ஊர்வலமாக இழுத்துப் போனார்கள். பள்ளிக்கூடத்தை மூடிவிட்டு இவளைப் பன்றிப் பண்ணைக்கு அனுப்பிவிட்டார்கள்.

அப்போது அவள் படித்தது எட்டாம் வகுப்பு.

என்னையும் எட்டாவதோடுதான் நிறுத்தினார்கள். எங்கள் ஊரில் புரட்சி எதுவும் நடக்கவில்லை. இரண்டு அண்ணன்களுக்குச் சமைக்க ஆள் வேண்டியிருந்தது, அவ்வளவுதான். இதை அண்ணன்கள் இருவரும் படிப்பார்கள் என்று தெரியும். படிக்கட்டும்.

பத்து வருஷம் கழித்து சீனாவில் மறுபடியும் காலேஜ் நுழைவுத்தேர்வு வந்தது. வூ எழுத முடியவில்லை. வயிற்றில் யூன்.

என்னைவிட மோசமாக அடிபட்டவள். ஆனால் ஒருநாளும் புலம்பியதில்லை. அது அவள் குணம். என் குணம் வேறு.

பிறகு கணவர் இங்கே ஆராய்ச்சிப் படிப்புக்கு வந்தார், கூடவே வூவும். பெண்ணுக்கு மட்டும் விசா கிடைக்கவில்லை. தங்கையிடம் விட்டுவிட்டு வந்திருந்தாள்.

அந்தப் பெண் நுழைவுத்தேர்வு எழுதும் வயதை எட்டினாள். காலம் எப்படி மாறிவிட்டது பாருங்கள்... வாத்தியாரை இழுத்துப்போட்டு அடித்த அதே ஊரில், இப்போது பரீட்சை நாளில் ஹாலைத் தாண்டும் லாரிகூட ஹார்ன் அடிக்காதாம். பெற்றவர்கள் எல்லோரும் பரீட்சை முடியும்வரை கேட்டுக்கு வெளியே வெயிலில் நிற்பார்களாம்.

"ஆல் மதர் ஸ்டேண்ட். மை டாட்டர் மதர் நோ ஸ்டேண்ட்" என்றாள் வூ. 

முதல் பரீட்சை அங்கே காலை ஒன்பது மணிக்கு. நமக்கு அது முந்தைய நாள் மாலை ஆறு. ஷிஃப்ட் முடிந்தது. கார்டு பஞ்ச் பண்ணிவிட்டு வெளியே வந்தால், வூ பார்க்கிங் லாட் நடுவில் நின்றுகொண்டிருக்கிறாள். மேற்கே, கடலுக்கு அந்தப் பக்கம் சீனா இருக்கும் திசையைப் பார்த்து.

ஜூலை வெயில். தார் இன்னும் கொதிக்கிறது. பிரேக் ரூமிலிருந்து ஒரு ஸ்டூல் எடுத்துவந்து போட்டேன். உட்கார மறுத்துவிட்டாள். அங்கே யாரும் உட்காரமாட்டார்களாம்.

நானும் நின்றேன்.

"யூ கோ ஹோம். மை டாட்டர், நாட் யுவர் டாட்டர்."

"ஐ ஆல்சோ எய்த் ஸ்டாண்டர்ட்" என்றேன். அதன்பிறகு போகச் சொல்லவில்லை.

என்னை பிக்கப் பண்ண வீட்டுக்காரர் வந்தார். வந்ததும் வழக்கம்போல இரண்டு ஹார்ன். வூ திடுக்கிட்டுத் திரும்பினாள்.

நேராகக் காரிடம் போனேன். "ஹார்ன் அடிக்காதீங்க. பரீட்சை நடக்குது."

"எங்க?"

"சைனால."

அவர் எஞ்சினியரிங் படித்தவர். உனக்கு என்ன தெரியும் என்று ஆரம்பிப்பது அவர் பழக்கம். அன்று ஆரம்பிக்கவில்லை. எஞ்சினை அணைத்தார். கொஞ்ச நேரம் எங்களைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, இறங்கி வந்து எங்கள் பக்கத்தில் நின்றார்.

அந்த மனுஷனிடம் எனக்குப் பிடித்தவை கொஞ்சம்தான். இது அதில் சேரும்.

பரீட்சை மூன்று நாள். மூன்று நாளும் வூ நின்றாள்.

ரிசல்ட் வந்தது. பெரிய யுனிவர்சிட்டி எதுவும் கிடைக்கவில்லை. ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் இடம்.

எங்கள் லைனில் பி.எஸ்ஸி. படித்த ஒருத்தி இருந்தாள். "ஐயோ பாவம், இதுக்கா அப்படி நின்னா" என்று என்னிடம் தமிழில் சொன்னாள். நான் சொன்ன பதிலை இங்கே எழுத முடியாது.

மறுநாள் வூ ஒரு பெட்டி ஆரஞ்சுப் பழத்தோடு வந்தாள். நாற்காலி நாற்காலியாகப் போய் எல்லோருக்கும் கொடுத்தாள், அந்த பி.எஸ்ஸி.க்கும்.

என்னிடம் வந்தபோது, "மை ஃபாதர் ஜாப்" என்றாள்.  அன்றுதான் அவள் கண்ணில் நீரைப் பார்த்தேன். டிஷ்யூ கொடுக்க அந்த சூப்பர்வைசர் அப்போது இல்லை.

இரண்டாயிரத்து ஒன்றில் எங்கள் லைனையே மூடிவிட்டார்கள். வூ ஊருக்கே திரும்பிவிட்டாள். அதன்பிறகு வருஷப் பிறப்புக்கு போன், பிறகு வீடியோ. யூன் இப்போது அங்கே ஹெட்மிஸ்ட்ரஸ்.

நாளை அவர்கள் ஊரில் காலை ஒன்பது மணிக்கு அடக்கம்.

அப்படியென்றால் இன்று மாலை ஆறு மணி. என் மகள் இப்போதே ஆரம்பித்துவிட்டாள். "அம்மா, நைன்டி ஃபைவ் டிகிரீஸ். உன் முட்டி வலியை வச்சுக்கிட்டு வெளில நிக்காத. அட்லீஸ்ட் ஒரு சேர் போட்டுக்கோ."

சேர் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

போய்வா வூ. வீட்டு வாசல் டிரைவ்வேயில் நிற்கிறேன்.