நான் சொல்லாத வசனம்

நீங்கள் நம்ப வேண்டும் என்று நான் கெஞ்சப் போவதில்லை. இது நடந்தது 1927 நவம்பர் 16, புதன்கிழமை, மதிய ஆட்டத்தில். நியூயார்க்கில், எண்ணூறு பேர் உட்கார்ந்திருந்த அரங்கத்தில். மேடையில் நான் நின்றேன்.

என் பெயர் வெர்னா ஹால்ஸ்டெட். நடிகை. சரியாகச் சொன்னால், கார்டீலியா ப்ரூயிட்டுக்கு முடியாமல் போனால் மட்டும் மேடையேற வேண்டிய நடிகை. கார்டீலியா தானே நகைச்சுவை நாடகம் எழுதுவாள், தானே கதாநாயகியாக நடிப்பாள். ஆறு வருடத்தில் ஐந்து நாடகம். ஐந்துக்கும் கூட்டம் அலைமோதியது.

நாங்கள் இருவரும் ஊர் ஊராகப் போகும் ஒரே நாடகக் குழுவில் தொடங்கியவர்கள். கிளீவ்லாந்தில் ஒரு வாடகை விடுதி. தண்ணீராக ஊற்றிய சூப்பைப் பார்த்து ஒருநாள் நான் சொன்னேன்: "இந்த சூப்புல கோழி சாகலைங்க. குளிச்சிட்டுப் போயிருக்கு."

மேஜையே குலுங்கிச் சிரித்தது. கார்டீலியா மட்டும் சிரிக்கவில்லை. கைப்பையிலிருந்து பென்சிலை எடுத்தாள்.

ஐந்தாவது நாடகத்தில், மூன்றாம் அங்கத்தில், அரங்கமே அதிர்ந்தது அந்த வசனத்துக்குத்தான். இருநூற்றுப் பதினோரு ஆட்டம். திரை ஓரத்தில் நின்று அந்தச் சிரிப்பைக் கேட்டுக் கேட்டு என் வயிறு எரிந்தது. ஒருநாள் கேட்டே விட்டேன்.

"அது என் வசனம், கார்டி."

அவள் கண்ணாடியை விட்டுத் திரும்பவில்லை. "நீ சொன்னே, மறந்தே. நான் எழுதினேன். இப்ப அது யாருதுடி?"

அன்று முதல், அவளுக்குக் காய்ச்சலாவது வரட்டும் என்று தினமும் வேண்டிக்கொண்டேன். மறைக்க என்ன இருக்கிறது?

அந்தப் புதன்கிழமை 2:05 வரை அவள் வரவில்லை. மேடை நிர்வாகி ஆம்ப்ரோஸ் டீக் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே ஓடி வந்தார்.

"வெர்னா, அவ கவுனை எடுத்து மாட்டு. நீதான் போகணும்."

எனக்கு வந்த சந்தோஷத்தில் ஊக்கை விரலில் குத்திக்கொண்டேன்.

2:34. திரை உயர்ந்தது. முதல் நகைச்சுவையைச் சொன்னேன். சத்தமில்லை. ஒன்று... இரண்டு... மூன்று... அப்புறம் சிரித்தார்கள்.

அடுத்ததற்கும் அப்படித்தான். எனக்குப் பிறகு யாரோ அதே வசனத்தை இன்னொரு முறை சொன்னது போல.

என் கணவனாக நடித்த ரூபர்ட் லாரிமர் என் முகத்தையே பார்க்கவில்லை. இடைவேளையில் பிடித்துக்கொண்டேன்.

"என்னை ஏன் பார்க்க மாட்டேங்கிற?"

"உன்னைத்தானே பார்த்தேன். ஜன்னல் பக்கம் நின்னியே."

"நான் கதவுப் பக்கம் நின்னேன், ரூபர்ட்."

அவன் தண்ணீர் கேட்டான்.

இரண்டாம் அங்கத்தில் சிரிப்பு தாமதமாக வரவில்லை. நான் சொல்லும்போதே வந்தது. போகப் போக, நான் முடிப்பதற்கு முன்பே வந்தது.

இடது காதருகே சில்லென்று இருந்தது. திரும்பினேன். யாருமில்லை.

மூன்றாம் அங்கம். சாப்பாட்டு மேஜை. சூப். கையில் கரண்டி. திரை ஓரத்துக் கடிகாரத்தில் 4:26.

வந்திருப்பது யார் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. பயத்தை விட ஆத்திரம் பெரிதாக இருந்தது. இதையுமா? என் வாயால் வந்ததை என் முன்னாலேயே வாங்கிக்கொள்ளப் போகிறாளா? தர மாட்டேன்.

உதட்டை இறுக மூடிக்கொண்டேன்.

ஒன்று...

இரண்டு...

அரங்கம் வெடித்துச் சிரித்தது.

எண்ணூறு பேர். கண்ணீர் வர. ரூபர்ட்டும் சிரித்தான். அடுத்த வசனத்தைப் பதிலாகச் சொன்னான்... ஜன்னல் பக்கம் பார்த்து.

நான் வாயே திறக்கவில்லை.

மீதி ஆட்டத்தை எப்படி முடித்தேன் என்று தெரியாது. 5:10க்குத் தொலைபேசி வந்தது. மதியம் கார்டீலியா வந்த டாக்சி மீது லாரி மோதிவிட்டதாம். மேக்கப்பைக் கூடத் துடைக்காமல் மருத்துவமனைக்கு ஓடினேன். முகத்தை மூடிவிட்டிருந்தார்கள்.

பக்கத்தில் இருந்த நர்ஸ் ஓர் ஐரிஷ் பெண். மிஸ் கில்ஹூலி. நாடகம் பார்த்தே பழக்கமில்லையாம்.

"நீங்க சிநேகிதியா?"

"ஆமா," என்றேன்.

"கொண்டு வந்ததிலேர்ந்து கண்ணே திறக்கலைங்க. ரெண்டரைக்கு மேல உதடு மட்டும் அசைஞ்சுக்கிட்டே இருந்துச்சு. நடுநடுவுல நிறுத்துவாங்க. யாரோ முடிக்கட்டும்னு காத்திருக்கிற மாதிரி. அப்புறம் திரும்பவும் அசையும்."

"எப்போ போனா?"

கட்டிலில் தொங்கிய அட்டையைத் திருப்பிக் காட்டினாள். 4:26.

"கடைசியா கண்ணைத் திறந்தாங்க. ஒண்ணு சொன்னாங்க. தெளிவா. எனக்குத்தான் ஒண்ணும் புரியலை."

"என்ன?"

அவள் அட்டையைத் திரும்பக் கட்டிலில் மாட்டினாள்.

"சிரிச்சாங்க. 'அப்பாடா... வாயை மூடிட்டா'ன்னாங்க."