எட்டுப் பேர் நின்ற நெட்டலை

பல் சுவரில் மோதினால் பெரிய ஓசை வராது. பல்பம் ஒடிகிற மாதிரி சின்னதாக ஒரு ‘டக்’, அவ்வளவுதான்.

திருத்தணியில் நான் ஒன்பதாவது படித்தபோது, எங்கள் அறிவியல் சார் அலைகள் பாடத்தை எங்களை வைத்தே நடத்தினார். எட்டுப் பேரை வரிசையாக நிறுத்தி, முன்னால் நிற்பவள் தோளில் கை வைக்கச் சொல்வார். ஒருத்திக்குப் பின் ஒருத்தியாக உட்கார்ந்து எழுந்தால் குறுக்கலை. கடைசியில் நிற்பவளை அவர் லேசாகத் தள்ள, ஒவ்வொருத்தியாக முன்னால் சாய்ந்து மறுபடி நேராக நின்றால் நெட்டலை. “ஆளு எடத்த விட்டுப் போகக் கூடாது, தள்ளு மட்டும்தான் போகணும்” என்பார்.

வரிசையின் முதலில், சுவருக்கு ஒரு சாண் தள்ளி, அம்மையார்குப்பத்துப் பவானி. விசைத்தறி இரைச்சலில் வளர்ந்தவள் என்பதால் உரக்கத்தான் பேசுவாள். வகுப்பில் அவள் பெயர் ‘தறி’. அவளுக்குப் பின்னால் நான். அன்று எனக்குத் தெரிந்தவை மூன்று: அரக்கோணத்தில் நடக்கும் அறிவியல் கண்காட்சிக்கு ஒருத்திதான் போகலாம், சார் பவானியைத்தான் அனுப்பப் போகிறார், அவளை விட்டால் நான்தான்.

தள்ளு என்னிடம் வந்தபோது தளர்ந்திருந்தது. நான் காலை ஊன்றித் தள்ளினேன். சுவரில் ‘டக்’.

“யாருடி இப்படித் தள்ளுனது?” என்று சார் ஓடி வந்தார்.

“பின்னாலேருந்து வந்துச்சு சார். வாங்கி முன்னால குடுத்தேன், அவ்ளோதான்” என்றேன்.

முதல் தள்ளு சாருடையது.

“பொய் சார்! இவதான் கால ஊனி தள்ளுனா. தறி வூட்டுப் பொண்ணு சார் நானு, எந்த ஆட்டம் எங்கேருந்து வருதுன்னு எனக்குத் தெரியாதா?” என்று பவானி ரத்தத்தோடு கத்தினாள். பாதி வார்த்தைகள் பல் போன சந்தில் காற்றாகப் போயின. “தறியில நூலு அந்துபோச்சுடி” என்றாள் ஒருத்தி. வகுப்பு சிரித்தது, நானும் சிரித்தேன்.

மறுநாள் பவானியின் நைனா வந்து எல்லோர் முன்னாலும் திட்டித் தீர்க்க, சார் தன் உள்ளங்கையையே பார்த்துக்கொண்டு நின்றார். அதன் பிறகு அவர் யாரையும் வரிசையில் நிறுத்தவில்லை. பாடப்புத்தகத்தைப் படித்தே வருடத்தை முடித்தார். பவானி உதடு வீங்கி வீட்டில் கிடந்த வாரத்தில், நான் கண்காட்சிக்குப் போய், நெட்டலையைப் பற்றிப் பேசிப் பரிசு வாங்கினேன்.

இப்போது இயந்திரங்களின் அதிர்வை அளப்பது என் வேலை. போன மாதம் ஆர்.கே.பேட்டை பஸ்ஸில் பவானி பக்கத்தில் இடம் கிடைத்தது. அந்த வகுப்பறையை இடித்துவிட்டார்களாம், சாரும் இறந்துவிட்டாராம். வாயைக் கையால் மறைத்துக்கொண்டு அவள்தான் சொன்னாள்.

“கடைசியா பாத்தப்பகூட அழுதுகினே சொன்னாரு, நான்தாம்மா வேகமா தள்ளிட்டேன்னு. இத்தினி வருசமா உன் மேலயே பழி போட்டுகினு இருந்தேன்டி. மனசுல வெச்சிக்காத.”

“ஆங், பரவால்லடி” என்றேன். நான் இறங்க இன்னும் ஏழு நிறுத்தங்கள் இருந்தன.